அலிபாபாவின் கதையைச் சொன்னவர் யார்?

'திறந்திடு சீசேம்' என்னும் சொற்களைக் கேட்டறியாத தமிழ்க் குழந்தை அரிது. எழுத்தறியாத பாட்டியும் அதனை அறிவார். அரபு நாட்டை நிலப்படத்தில் காட்ட இயலாத சிறுவனும் அதனை அறிவான். பூட்டிய கடையின் முன்னும், திறக்க மறுக்கும் அலமாரியின் முன்னும் நம் மக்கள் விளையாட்டாக ஓதும் மந்திரம் அது. ஆயினும் 'சீசேம்' என்பது நம் செக்குகளில் ஆட்டப்படும் எள்ளையே குறிக்கும் என்பதை அறிந்தோர் சிலரே. குகையைத் திறப்பது எள்ளின் பெயர். கதையின் உச்சத்தில் கள்வர்களை மாய்ப்பது கொதிக்கும் எண்ணெய். எள்ளின் நெய்யே எண்ணெய் எனப் பெயர் வழங்கும் தமிழர்க்கு இந்தத் தொடர்பு இன்னும் சுவையாக விளங்கும்.

இத்தனை நெருக்கமாக நம்மோடு கலந்துவிட்ட இக்கதை எவ்வாறு திரைக்கு வந்தது, வந்த வழியில் எதைப் பெற்றது, எதை இழந்தது, முதன்முதலில் இதனைச் சொன்னவர் யார் என்பவற்றைச் சற்றே ஆராய்வது பயனுடையது. குழந்தைகளுக்குக் கதை சொல்லும் பெற்றோர்க்கும் ஆசிரியர்க்கும் மறைக்கல்வி கற்பிப்போர்க்கும் இதில் ஒரு பாடம் இருக்கிறது என்பது நம் எண்ணம்.

திரையும் குகையும்

திரைப்படம் என்னும் கலை 1895இல் பாரிசில் மக்கள் முன் வந்தது. ஏழே ஆண்டுகளில், 1902இல், அலிபாபா திரையேறிவிட்டார். பிரான்சின் பாத்தே நிறுவனத்திற்காக ஃபெர்டினான் செக்கா என்பவர் இக்கதையைச் சில நிமிடங்களே ஓடும் படமாக எடுத்தார். வண்ணப் படச்சுருள் பிறவாத அக்காலத்திலேயே இப்படத்தின் பிரதிகளுக்கு வண்ணம் தீட்டப்பட்டது. பொற்குவியலையும் பட்டாடைகளையும் கறுப்பு வெள்ளையில் காட்டினால் கண் நிறையாது என்று அன்றே உணர்ந்திருந்தனர் போலும்.

இக்கதையின்மீது திரைக்கலைக்கு இத்தனை ஆசை ஏன்? ஒரு சொல்லுக்குக் கட்டுப்பட்டுப் பாறை விலகுவதை மேடையில் காட்டுவது கடினம். படப்பிடிப்புக் கருவிக்கு அது எளிய வேலை. மேலும், இருட்டில் அமர்ந்திருப்போர் முன் திடீரென ஒரு வாசல் ஒளியோடு திறக்க, உள்ளே இதுவரை காணாத செல்வம் தெரிகிறது என்பது அலிபாபாவின் அனுபவம் மட்டுமன்று. திரையரங்கில் நுழையும் ஒவ்வொருவரின் அனுபவமும் அதுவே.

இந்தியாவில் இக்கதை முதலில் மேடை வழியாகவே வந்தது. 1897இல் வங்காளத்தின் க்ஷீரோத் பிரசாத் வித்யாவினோத் எழுதிய 'அலிபாபா' நாடகம் கல்கத்தாவில் பெரும்புகழ் பெற்றது. நம் நாட்டின் திரைப்பட முன்னோடிகளுள் ஒருவரான ஹீராலால் சென், 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அந்நாடகத்தைப் படம்பிடித்தார். 1917இல் நேர்ந்த தீ விபத்தில் அவருடைய படச்சுருள்கள் அழிந்துபோயின. பின்னர் 1937இல் மது போஸ் அதே நாடகத்தைப் பேசும் படமாக வங்க மொழியில் எடுத்தார். அவருடைய துணைவியார் சாதனா போஸ், அடிமைப் பெண் மார்ஜினாவாக ஆடி நடித்தார். வங்க மக்களின் நினைவில் அலிபாபாவைவிட மார்ஜினாவே அழுத்தமாகப் பதிந்தாள் என்பது கருதத்தக்கது.

தமிழில் 1941இல் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் அலிபாபாவைத் தம் நகைச்சுவை மரபுக்குள் கொண்டுவந்தார். ஆனால் இன்று 'அலிபாபா' என்றவுடன் நம் மக்களின் மனக்கண்ணில் தோன்றுவது 1956ஆம் ஆண்டு பொங்கலன்று வெளிவந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்' படமே. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் அதிபர் டி. ஆர். சுந்தரம் தாமே தயாரித்து இயக்கிய படம் அது. எம். ஜி. இராமச்சந்திரன் அலிபாபாவாகவும், பி. பானுமதி மார்ஜியானாவாகவும், பி. எஸ். வீரப்பா கள்வர் தலைவனாகவும் நடித்தனர். கேவாகலர் முறையில் எடுக்கப்பட்ட இதுவே தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம். 1902இல் பாரிசில் தீட்டிய வண்ணம், 54 ஆண்டுகள் கழித்துச் சேலத்தில் முழுமை பெற்றது எனலாம்.

சுந்தரம் இங்கிலாந்தின் லீட்சு நகரில் நெசவுத் தொழில்நுட்பம் பயின்று திரும்பியவர். பிற நாட்டுக் கதைகளை நம் மண்ணுக்கு ஏற்றவாறு நெய்து தருவதில் வல்லவர். மலையாளத்தின் முதல் பேசும் படமாகிய 'பாலன்' 1938இல் அவர் நிறுவனத்தில்தான் உருவாயிற்று. பிரெஞ்சு எழுத்தாளர் அலெக்சாந்தர் தூமாவின் இரும்பு முகமூடி மனிதனின் கதையைத் தழுவி 1940இல் அவர் எடுத்த 'உத்தமபுத்திரன்' படத்தில் இரட்டை வேடம் ஏற்றவர், நம் புதுக்கோட்டை தந்த பி. யு. சின்னப்பா. ஆகவே அலிபாபா சேலத்திற்கு வந்தது தற்செயலன்று. அங்கே அயல்நாட்டுக் கதைகளுக்கு ஏற்கெனவே ஒரு தறி ஓடிக்கொண்டிருந்தது.

கந்தர்வக்கோட்டை வட்டாரத்துச் செம்மண் ஊர்களுக்கு இத்தகைய படங்கள் உடனே வந்து சேர்ந்ததில்லை. தஞ்சையிலும் புதுக்கோட்டையிலும் ஓடித் தேய்ந்த பின்னரே, கீறல் விழுந்த பிரதிகளாக டூரிங் டாக்கீஸ் கொட்டகைகளுக்கு வரும். மணலைக் குவித்து மேடாக்கி அமர்ந்து, ஒற்றைப் படக்கருவியில் சுருள் மாற்றும்போதெல்லாம் வந்த இடைவேளைகளைப் பொறுத்துக்கொண்டு, அந்தக் குகை திறப்பதைக் கண்ட தலைமுறை இன்னும் நம்மிடையே உண்டு. முந்திரித் தோப்புகளில் ஆடு மேய்த்த பிள்ளைகள் பாறைகளைக் கண்ட இடத்திலெல்லாம் மந்திரம் சொல்லிப் பார்த்ததும் உண்டு.

கள்வர்களை வென்றவள்

இனி, ஏட்டில் உள்ள கதைக்கு வருவோம். விறகுவெட்டியாகிய அலிபாபா குகையின் மந்திரத்தைத் தற்செயலாகக் கேட்கிறான். பொன்னை அள்ளி வருகிறான். பேராசை கொண்ட அவன் அண்ணன் காசிம் உள்ளே சென்று, மந்திரத்தை மறந்து, வெளிவர இயலாமல் கள்வர்களால் வெட்டுண்டு மாள்கிறான். இதுவரை அலிபாபாவின் கதை. இதற்குப் பின் கதையை நடத்துபவள் காசிமின் வீட்டு அடிமைப் பெண் மார்ஜியானா.

வெட்டுண்ட உடலைத் தைப்பதற்குக் கிழச் செருப்புத் தொழிலாளி ஒருவரைக் கண்ணைக் கட்டி அழைத்து வருபவள் அவள். கள்வன் அடையாளத்திற்காக வீட்டுக் கதவில் குறி இட்டபோது, அண்டை வீட்டுக் கதவுகளிலெல்லாம் அதே குறியை இட்டு அவனை ஏமாற்றுபவளும் அவளே. எண்ணெய் வணிகன் வேடத்தில் கள்வர் தலைவன் விருந்தாளியாக வந்த இரவில், விளக்குக்கு எண்ணெய் எடுக்கச் சென்று, சாடிகளுக்குள் ஒளிந்திருந்த 37 பேரையும் கண்டுபிடித்துக் கொதிக்கும் எண்ணெயால் அழிப்பவள் அவள். இறுதியில் தலைவன் மீண்டும் விருந்தாளியாக வந்தமர்ந்து உணவில் உப்பு வேண்டாம் என்று மறுத்தபோது, உப்பிட்டவரைக் கொல்லத் துணியாதவன் உப்பை மறுக்கிறான் என்று உணர்ந்து, நடனமாடும் பாவனையில் அவனைக் குத்தி வீழ்த்துபவளும் அவளே. உப்பிட்டவரை உள்ளளவும் நினைக்கும் நம் மரபில் வளர்ந்தோர்க்கு அந்தக் கணத்தின் ஆழம் உடனே புரியும்.

அலிபாபா செய்தது என்ன? பெரும்பாலும் அவன் உறங்கிக்கொண்டிருந்தான். காலையில் நடந்ததை அறிந்தபின் அவன் மார்ஜியானாவுக்கு விடுதலை அளிக்கிறான். பின்னர்த் தன் குடும்பத்து மருமகளாகவும் ஆக்கிக்கொள்கிறான். 1717இல் பிரெஞ்சு மொழியில் அச்சேறியபோது கதையின் தலைப்பிலேயே, நாற்பது கள்வர்கள் ஓர் அடிமைப் பெண்ணால் அழிந்த செய்தி இடம்பெற்றிருந்தது. காலப்போக்கில் அந்தப் பிற்பகுதி உதிர்ந்து, அலிபாபாவும் கள்வர்களும் மட்டுமே எஞ்சினர். நம் படத்தின் தலைப்பும் அவ்வழியே அமைந்தது.

திரைப்படம் இரண்டரை மணி நேரம் ஒரு வீர நாயகனை வேண்டி நிற்கும் கலை. எம்.ஜி.ஆரை உறங்கவைத்துவிட்டு ஒரு பெண் கதையை முடித்தாள் என்று 1956இல் எவரும் படம் எடுக்க முன்வந்திருக்க மாட்டார்கள். ஆகவே விறகுவெட்டி வாள்வீரனானான். மார்ஜியானா அவனுடைய காதலியானாள். இதனை வெறும் இழப்பு என்று ஒதுக்குவது நேர்மையன்று. பானுமதி தாமே பாடவும் ஆடவும் வல்லவர். 1953இல் 'சண்டிராணி'யை மூன்று மொழிகளில் தாமே இயக்கியவர். நாயகனின் அருகில் நிழலாக நிற்கும் இயல்பு அவரிடம் இல்லை. மார்ஜியானாவுக்கு உரிய மிடுக்கில் ஒரு பங்கையேனும் அவர் தம் நடிப்பால் மீட்டுத் தந்தார்.

எனினும் அடிமை ஒருத்தி தன் அறிவால் ஒரு வீட்டைக் காத்து, தன் விடுதலையையும் பெறுகிறாள் என்னும் செய்தி, காதல் கதையின் ஒளியில் மங்கிப்போவதை மறுக்க இயலாது. நம் பகுதிக்கு இது தொலைதூரச் செய்தியன்று. அடிமை முறைக்குச் சட்ட ஏற்பு இல்லை என்று ஆங்கிலேய அரசு 1843இல் சட்டம் செய்தது. அதற்குப் பின்னரும் தஞ்சைத் தரணியில் பண்ணையாள் முறை நெடுங்காலம் நீடித்தது. கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் 1976இல்தான் வந்தது. எசமானின் வீட்டு நன்மை தீமைகளை எசமானைவிட நன்கறிந்து, இரவெல்லாம் விழித்திருந்து, பெயரின்றி மறைந்த மார்ஜியானாக்கள் நம் ஊர்களிலும் வாழ்ந்தனர். அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இன்று நம் பள்ளிகளில் பயில்கின்றனர். அவர்களுக்கு இக்கதையைச் சொல்லும்போது, வென்றவள் யார் என்பதை மறைக்காமல் சொல்லும் கடமை நமக்கு உண்டு.

அலெப்போ நகரத்து இளைஞர்

அடிமைப் பெண்ணின் பெயர் தலைப்பில் இல்லை என்றால், கதை சொன்னவரின் பெயர் புத்தகத்திலேயே இல்லை. 'ஆயிரத்தொரு இரவுகள்' கதைகளை ஐரோப்பாவுக்கு முதலில் அளித்தவர் பிரெஞ்சு அறிஞர் அந்துவான் கலான். 1704 முதல் அவருடைய மொழிபெயர்ப்பு வெளிவரத் தொடங்கியது. கையிலிருந்த அரபுச் சுவடியின் கதைகள் தீர்ந்துபோயின. வாசகர்களோ மேலும் மேலும் கேட்டனர். அந்நிலையில் 1709இல் பாரிசில் ஓர் இளைஞரை அவர் சந்தித்தார். சிரியாவின் அலெப்போ நகரைச் சேர்ந்த அவர் பெயர் ஹன்னா தியாப். ஹன்னா என்பதைப் பெண்ணின் பெயராகக் கொள்ள வேண்டா. யோவான் என்னும் பெயரின் அரபு வடிவம் அது.

ஹன்னா மாரோனைட்டுத் திருச்சபையைச் சேர்ந்த கிறிஸ்தவர். உரோமை ஆயரோடு ஒன்றித்து வாழும் தொன்மையான கீழைத் திருச்சபை அது. லெபனான் மலையிலுள்ள ஒரு துறவுமடத்தில் சில காலம் வாழ்ந்து பார்த்து, அவ்வாழ்வு தமக்கு உரியதன்று என்று வெளியேறியவர். பால் லூக்கா என்னும் பிரெஞ்சுப் பயணிக்கு மொழிபெயர்ப்பாளராகச் சேர்ந்து, எகிப்து, வட ஆப்பிரிக்கா, இத்தாலி வழியாகப் பாரிசு வந்து சேர்ந்தார். வெர்சாய் அரண்மனையில் 14ஆம் லூயி மன்னரையும் கண்டார். ஐரோப்பாவை உறையவைத்த 1709ஆம் ஆண்டின் கடுங்குளிரையும் அனுபவித்தார்.

அந்த ஆண்டின் மே மாதத்தில் அவர் கலானுக்குக் கதைகள் சொன்னார். அலிபாபா கதையும் அலாவுதீன் கதையும் அவ்வாறு வந்தவையே. இவ்விரண்டிற்கும் கலானுக்கு முற்பட்ட அரபு மூலம் எதுவும் இதுவரை கண்டறியப்படவில்லை. கலான் தம் நாட்குறிப்பில் ஹன்னாவின் பெயரையும் அவர் சொன்ன கதைகளின் சுருக்கத்தையும் நேர்மையாகக் குறித்துவைத்தார். அங்கே இக்கதைக்கு அவர் இட்ட தலைப்பு மார்ஜியானாவின் சூழ்ச்சித் திறனையே முன்னிறுத்தியது. ஆனால் அச்சேறிய நூல்களில் ஹன்னாவின் பெயர் எங்கும் இல்லை.

அரச நூலகத்தில் பணி கிடைக்கும் என்னும் ஹன்னாவின் நம்பிக்கை கைகூடவில்லை. 1710இல் அவர் அலெப்போவுக்குத் திரும்பித் துணி வணிகரானார். முதுமையில், 1764இல், தம் பயண நினைவுகளை எழுதினார். தாம் ஒரு முதியவருக்குக் கதைகள் சொன்ன செய்தியை அதில் சில வரிகளில் மட்டுமே குறித்தார். அக்கதைகள் உலகை வலம்வரத் தொடங்கியிருந்ததை அவர் அறிந்திருந்ததாக அந்நூல் காட்டவில்லை.

அந்தக் கையெழுத்துச் சுவடி எங்கே கிடைத்தது? வத்திக்கான் நூலகத்தில்! அலெப்போவைச் சேர்ந்த பவுல் ஸ்பாத் என்னும் குருவானவர் தேடித் திரட்டிய சுவடிகளோடு அது அங்கே சேர்ந்திருந்தது. முதல் ஏடுகள் இல்லாமையால் ஆசிரியர் யார் என்பது நெடுங்காலம் விளங்கவில்லை. 1990களில்தான் அறிஞர்கள் அதனை ஹன்னாவின் நூல் என்று இனங்கண்டனர். 2015இல் பிரெஞ்சிலும், 2021இல் ஆங்கிலத்திலும் அது வெளியாயிற்று. அரண்மனை வாழ்வைக் கண்டு வியந்த ஏழை அலாவுதீனிடம், வெர்சாயைக் கண்டு வியந்த ஹன்னாவின் சாயல் உண்டு என்று அறிஞர் சிலர் கருதுகின்றனர்.

அலாவுதீன் தமிழ்த் திரைக்கு 1957இல் நாகேசுவரராவின் நடிப்பில் வந்தார், 1979இல் ஐ. வி. சசியின் இயக்கத்தில் கமல்ஹாசனாக வந்தார். அப்படத்தில் புதுக்கோட்டையில் பிறந்த ஜெமினி கணேசனும் நடித்தார். 1992இல் டிஸ்னி நிறுவனம் ஓவியப் படமாகவும், 2019இல் நடிகர்களைக் கொண்டும் அலாவுதீனை எடுத்தது. இவற்றையெல்லாம் கண்டு மகிழ்ந்த கோடிக்கணக்கானோரில் ஹன்னாவின் பெயரை அறிந்தோர் எத்தனை பேர்?

சொன்னவரை நினைத்தல்

கலானைக் கள்வர் என்று தூற்ற நாம் முற்படவில்லை. அவர் எழுதியிராவிட்டால் ஹன்னாவின் கதைகள் பாரிசின் ஒரு மாலைப் பொழுதோடு காற்றில் கரைந்திருக்கும். அவருடைய நாட்குறிப்பே இன்று ஹன்னாவுக்குச் சாட்சி. எழுதுவோர் பெயர் நிற்பதும், சொல்வோர் பெயர் மறைவதும் ஒருவருடைய தீய எண்ணத்தால் மட்டும் நேர்வதன்று. எழுத்துக்கு மதிப்பும் பேச்சுக்கு மறதியும் தரும் நம் அனைவரின் வழக்கத்தால் நேர்வது.

இதற்கு மாறான நல்ல வழக்கமும் நம்மிடம் உண்டு. ஹன்னா அலெப்போவுக்குத் திரும்பிய அதே காலத்தில் இத்தாலியிலிருந்து தமிழகம் வந்தவர் வீரமாமுனிவர். சிரிப்பூட்டும் 'பரமார்த்த குருவின் கதை'யை உரைநடையில் தந்தவர் அவரே; அது 1822இல் இலண்டனில் அச்சேறியது. அவர் பெயரைப் போற்றும் தமிழ் மரபு, அவருக்குத் தமிழ் பயிற்றிய ஆசிரியர் சுப்பிரதீபக் கவிராயர் என்பதையும் சேர்த்தே சொல்லிவருகிறது. பெற்றவரைப் போற்றும்போது கொடுத்தவரையும் நினைப்பதே அந்த மரபு.

பெத்தானியாவில் விலையுயர்ந்த தைலத்தை இயேசுவின் தலையில் ஊற்றிய பெண்ணை மாற்கு நற்செய்தியில் காண்கிறோம். அவள் செய்த செயல் நற்செய்தி அறிவிக்கப்படும் இடமெல்லாம் நினைவுகூரப்படும் என்று ஆண்டவர் உறுதியளித்தார். ஆனால் அதே பக்கத்தில் மாற்கு அவள் பெயரை எழுதவில்லை. இந்த முரண் இறையியல் பயின்றோரை நீண்டநாள் சிந்திக்கவைத்திருக்கிறது. நினைவு என்பது தானாக நிலைப்பதன்று. அதனைக் காக்கும் பொறுப்பு ஒவ்வொரு தலைமுறையின் கையிலும் விடப்பட்டிருக்கிறது என்பதையே அது நமக்கு உணர்த்துகிறது.

திரைப்படங்கள் கதைகளை மாற்றுவது தவறன்று. ஹன்னாவும் தாம் கேட்டதைத் தம் போக்கில் மாற்றித்தான் சொல்லியிருப்பார். கலானும் அதனை விரித்தார். சுந்தரமும் தம் காலத்துக்கு ஏற்ப அமைத்தார். மாறாத கதை வாழ்வதில்லை. ஆனால் மாற்றத்தின் நடுவே இருவரை நாம் இழந்துவிட்டோம். ஒருவர், அந்த வீட்டைக் காத்த அடிமைப் பெண். மற்றவர், அவளை நமக்கு அறிமுகம் செய்த அலெப்போ இளைஞர். இருவரையும் மீட்பதற்குப் பெருஞ்செலவு ஏதும் இல்லை.

கோடை விடுமுறை வகுப்புகளில் பிள்ளைகளுக்கு அந்தப் பழைய படத்தைப் போட்டுக் காட்டுவோர், முடிந்ததும் ஐந்து நிமிடம் எடுத்துக்கொள்ளலாம். உண்மையில் கள்வர்களை வென்றவள் மார்ஜியானா என்றும், இக்கதையைச் சொன்னவர் ஹன்னா தியாப் என்றும் எடுத்துரைக்கலாம். பிறகு, அவரவர் வீட்டில் கதை சொன்னவர் யார் என்று அப்பிள்ளைகளையே கேட்கலாம். பாட்டி, அத்தை, வயலில் உடன் வேலை செய்த பெரியம்மா என்று பெயர்கள் வரும். அவற்றை ஒரு குறிப்பேட்டில் எழுதிவைக்கச் சொல்வோம்.